சின்சினாட்டி கிட்ஸ்: ஒரே குளிர்காலம் ஆடிய உள்ளரங்கக் கால்பந்து அணி – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்க உள்ளரங்கக் கால்பந்தின் வரலாற்றை எழுதுகிறவர்கள் சின்சினாட்டி கிட்ஸை ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள்: "பேஸ்பால் வீரர் பீட் ரோஸ் பங்குதாரராக இருந்த அணி, ஒரு சீசனில் கலைந்தது." இரண்டும் உண்மைதான். ஆனால் அந்த வரியைப் படிக்கிறவருக்கு, ஆடத் தெரியாத அணி ஒன்று பிரபலத்தின் பெயரை வைத்துக் காலம் தள்ளிவிட்டுப் போனது என்றுதான் தோன்றும். இந்த அணி நன்றாகவே ஆடியது. அதைச் சொல்லத்தான் இந்தப் பக்கம்.

சின்சினாட்டி கிட்ஸ் எப்போது, எங்கே ஆடியது?

அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில், ஒஹாயோ ஆற்றங்கரையில் இருக்கும் சின்சினாட்டி நகரத்து அணி. 1978 டிசம்பரில் தொடங்கிய மேஜர் இண்டோர் சாக்கர் லீகின் முதல் சீசனில் ஆடிய ஆறு அணிகளில் ஒன்று. அடுத்த ஆண்டு மார்ச்சில் சீசன் முடிந்தது; அதற்குப் பிறகு அணி களமிறங்கவே இல்லை.

கிட்ஸ் என்றால் சிறுவர் அணியா?

இல்லை. ஆடியவர்கள் சம்பளம் வாங்கிய தொழில்முறை வீரர்கள்.

உள்ளரங்கக் கால்பந்தை எப்படி ஆடுவார்கள்?

ஐஸ் ஹாக்கி அரங்கத்தை மனதில் கொண்டுவாருங்கள். ஏறக்குறைய 200 அடி நீளம், 85 அடி அகலம். சுற்றிலும் இடுப்பளவு பலகைச் சுவர், அதன் மேல் கண்ணாடி போன்ற தடுப்பு. அந்தப் பனித்தளத்தை மூடி அதன் மேல் செயற்கைப் புல் விரிப்பை உருட்டி விரித்துவிடுவார்கள். மைதானம் தயார்.

ஒரு பக்கத்துக்குக் கோல்கீப்பரையும் சேர்த்து ஆறு பேர். 15 நிமிடம் வீதம் நான்கு பகுதிகள். பந்து பலகையில் மோதித் திரும்பினாலும் ஆட்டம் நிற்காது, பலகையையே இன்னொரு கூட்டாளியாக வைத்து ஆடலாம். எதிராளியின் காலுக்கு அருகே பலகையில் தட்டிவிட்டு, அவரைச் சுற்றிப் போய்த் தானே எடுத்துக்கொள்வது இந்த ஆட்டத்தின் அடிப்படை வித்தை. கோல் கம்பமும் பலகைச் சுவரோடு பதிந்தே இருக்கும் என்பதால், குறி தவறிய ஷாட்டும் சுவரில் மோதி மறுபடி கோல் வாயிலுக்கே வந்து விழும். கோல்கீப்பருக்கு மூச்சுவிட நேரமே கிடைக்காது. அதனால்தான் வெளிமைதானக் கால்பந்தில் ஒன்று, இரண்டு என்று நிற்கும் கோல் கணக்கு இங்கே ஏழு, எட்டு என்று ஏறும்.

ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போதே வீரர்களை மாற்றிக்கொள்ளலாம், எத்தனை முறை வேண்டுமானாலும். இரண்டு மூன்று நிமிடம் உயிரைக் கொடுத்து ஓடிவிட்டு வெளியே வந்து உட்கார்வார்கள், அடுத்தவர் குதித்து உள்ளே போவார். முரட்டுத்தனமாக ஆடினால் இரண்டு நிமிடம் தண்டனைப் பெட்டியில் உட்கார வேண்டும். அதுவரை அணி ஓர் ஆள் குறைவோடு சமாளிக்க வேண்டும். இதெல்லாம் ஹாக்கியிலிருந்து அப்படியே எடுத்தவை. கால்பந்தே புரியாத அமெரிக்க ரசிகரைக் கூட்டிவர வேண்டுமென்றால் அவருக்குத் தெரிந்த ஓர் ஆட்டத்தின் எலும்புக்கூட்டைக் கடன் வாங்கியே ஆக வேண்டும். அந்தக் கணக்கு சரியான கணக்கு என்றே நினைக்கிறேன்.

பந்தின் நிறம்கூட வேறு. இந்த லீகில் சிவப்புப் பந்து.

அப்படியானால் இது ஃபுட்சால்தானே? நாம் வாடகைக்கு எடுத்து ஆடும் டர்ஃப் ஆட்டம் போலவா?

ஃபுட்சால் வேறு. அதில் சுவர் கிடையாது, கோடுதான் எல்லை. பந்து சிறியது, அதிகம் துள்ளாது, அணிக்கு ஐந்து பேர். 2016இல் பிரேசிலின் ஃபால்காவ் சென்னைக்கு வந்து ஆடினாரே, அது ஃபுட்சால். வலை கட்டிய டர்ஃபில் நாம் ஆடுவதும் இது இல்லை. வலையில் பட்ட பந்து அங்கேயே சுருண்டு விழும். பலகையில் பட்ட பந்தோ அடித்த வேகத்திலேயே திரும்பி வரும். கிட்ஸ் ஆடிய ஆட்டத்தின் உயிர் அந்தத் துள்ளலில்தான் இருந்தது.

இப்படி ஒரு லீக் தொடங்கும் யோசனை எங்கிருந்து வந்தது?

1974 பிப்ரவரி 11 அன்று பிலடெல்பியாவின் ஸ்பெக்ட்ரம் அரங்கில் ஒரு காட்சி ஆட்டம் நடந்தது. சோவியத் ராணுவ அணியும், முந்தைய ஆண்டு வட அமெரிக்கக் கால்பந்து லீகை வென்றிருந்த பிலடெல்பியா ஆட்டம்ஸ் அணியும் மோதின. சோவியத் அணி 6–3 என்று ஜெயித்தது. ஜெயித்தது யார் என்பதைவிட முக்கியமான விஷயம் டிக்கெட் வாங்கி வந்தவர்களின் எண்ணிக்கை: 11,790. பனிக்காலத்தில், பனிப்போர் நடந்துகொண்டிருந்த காலத்தில், கால்பந்துக்கு இவ்வளவு கூட்டம்.

அந்தக் கூட்டத்தின் அர்த்தத்தைப் புரிந்துகொண்டவர்களில் ஒருவர் எட் டெப்பர். அதே நகரத்தில் பெட்டி லக்ரோஸ் (வலை கட்டிய கோலால் பந்தாடும் உள்ளரங்க ஆட்டம்) அணி நடத்தியவர். அவரும், கூடைப்பந்து, கால்பந்து இரண்டிலும் அணி வைத்துக் கையைச் சுட்டுக்கொண்ட அனுபவமுள்ள வழக்கறிஞர் ஏர்ல் ஃபோர்மனும் சேர்ந்துதான் மேஜர் இண்டோர் சாக்கர் லீகை உருவாக்கினார்கள். ஃபோர்மன் அதன் ஆணையரானார்.

முதல் சீசனுக்குச் சேர்ந்த ஆறு அணிகள்: நியூயார்க் ஏரோஸ், பிலடெல்பியா ஃபீவர், ஹூஸ்டன் சம்மிட், கிளீவ்லாந்து ஃபோர்ஸ், பிட்ஸ்பர்க் ஸ்பிரிட், சின்சினாட்டி கிட்ஸ்.

லீகின் முதல் ஆட்டத்தில் ஆடியது கிட்ஸ்தான் என்பது உண்மையா?

உண்மை. 1978 டிசம்பர் 22, நியூயார்க்கின் லாங் ஐலண்டில் உள்ள நாசாவ் கொலீசியம். நியூயார்க் ஏரோஸுக்கு எதிராகச் சின்சினாட்டி கிட்ஸ். 10,386 பேர் பார்க்க வந்திருந்தார்கள். தொடக்கச் சடங்காகப் பந்தை முதலில் உதைத்தவர் பீட் ரோஸ். அதாவது வந்திருந்த எதிரணியின் பங்குதாரரையே தங்கள் அரங்கின் நடுவில் நிறுத்தி உதைக்கவைத்தார்கள். புதிதாகக் கடை திறக்கும் லீகுக்கு அன்று அவரைவிடப் பெரிய முகம் கிடைத்திருக்காது.

ஏரோஸ் 7–2 என்று வென்றது. அந்த ஸ்கோரை மட்டும் பார்த்துக் கிட்ஸை எடைபோட்டவர்கள் பலர். ஏரோஸ் அந்தக் கோப்பையை மட்டுமில்லை, அடுத்த மூன்று கோப்பைகளையும் வென்ற அணி என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

பீட் ரோஸ் ஏன் கால்பந்துக்குள் வந்தார்?

சின்சினாட்டியில் பிறந்து வளர்ந்து, அதே ஊர் ரெட்ஸ் பேஸ்பால் அணிக்காக ஆடி, 1975, 1976 இரண்டு ஆண்டும் அந்த ஆட்டத்தின் உச்சப் பட்டமான உலகத் தொடரை வென்றவர். 1978 மே மாதம் தன் 3,000ஆவது ஹிட்டை எட்டினார். அந்தக் கோடையிலேயே தொடர்ந்து 44 ஆட்டங்களில் ஹிட் அடித்து நாட்டையே நாளிதழைப் புரட்டவைத்தார். பேஸ்பால் தெரியாதவர்களுக்கு: பந்தை அடித்துவிட்டு ஆட்டமிழக்காமல் முதல் தளத்தையாவது எட்டினால் அது ஹிட். ஓர் ஆட்டத்தில் ஹிட் இல்லாமல் திரும்புவது எவ்வளவு பெரிய வீரருக்கும் சகஜம். 44 ஆட்டம் விடாமல் அடிப்பது தலைமுறைக்கு ஒருமுறைகூட நடக்காத காரியம். அப்படிப்பட்டவரின் பெயர் பங்குதாரர் பட்டியலில் இருந்தால் புது அணிக்கு அதுவே பாதி விளம்பரம்.

ஆனால் தேதிகளைக் கவனியுங்கள். 1978 டிசம்பர் 5 அன்று ரோஸ் சின்சினாட்டியை விட்டுப் பிலடெல்பியா ஃபில்லீஸ் அணியில் ஒப்பந்தமானார். கிட்ஸின் முதல் ஆட்டம் டிசம்பர் 22. ஊரின் செல்லப் பிள்ளை என்று நம்பி யாருடைய பெயரை முன்னால் வைத்தார்களோ, அவர் அணி களமிறங்குவதற்கு இரண்டரை வாரம் முன்பே வேறு ஊர்க்காரராகிவிட்டார். நவம்பரில் ரெட்ஸின் மேலாளர் ஸ்பார்க்கி ஆண்டர்சனையும் நிர்வாகம் நீக்கியிருந்தது. ஊரே பேஸ்பால் துக்கத்தில் இருந்த குளிர்காலம் அது. புது ஆட்டம் ஒன்றை அறிமுகப்படுத்த அதைவிட மோசமான நேரம் சின்சினாட்டிக்கு வாய்த்திருக்காது என்று எனக்குத் தோன்றுகிறது.

ரோஸ் கிட்ஸுக்காக ஆடினாரா?

இல்லை. முதலீடும் பெயரும் மட்டுமே. பேஸ்பாலில் 4,256 ஹிட் என்ற சாதனையோடு ஓய்வுபெற்றார், சூதாட்டப் புகாரில் 1989இல் தடைசெய்யப்பட்டார், 2024 செப்டம்பரில் இறந்தார். அந்த நீண்ட கதையில் கிட்ஸ் ஒரு சின்னக் கிளை.

சொந்த ஊர் ஆட்டங்கள் எங்கே நடந்தன?

ஆற்றங்கரையில் இருந்த ரிவர்ஃப்ரன்ட் கொலீசியத்தில். 1975இல் திறந்த அரங்கம்; பக்கத்திலேயே ரெட்ஸ் ஆடிய ரிவர்ஃப்ரன்ட் மைதானம். பல பெயர் மாற்றங்களுக்குப் பிறகு இன்று ஹெரிடேஜ் பேங்க் சென்டர் என்ற பெயரில் அது நிற்கிறது.

அந்த அரங்கின் முதன்மைக் குடியிருப்பாளர் கால்பந்து இல்லை, ஐஸ் ஹாக்கி. உலக ஹாக்கி சங்கத்தின் சின்சினாட்டி ஸ்டிங்கர்ஸ் அணி 1975 முதல் அங்கே ஆடிக்கொண்டிருந்தது. கிட்ஸ் ஆடிய அதே குளிர்காலத்தில், அதே கட்டடத்தில், மார்க் மெஸ்ஸியே என்ற பதின்பருவப் பையன் ஸ்டிங்கர்ஸுக்காக ஆடி ஒரே ஒரு கோல் அடித்தான். பின்னாளில் ஹாக்கியின் மிகப் பெரிய பெயர்களில் ஒன்று அது. மைக் கார்ட்னரும் அப்போது அதே அணியில் இருந்தார். இன்று நினைத்தால் மலைப்பாக இருக்கிறது: ஒரு நாள் பனியில் மெஸ்ஸியே, இன்னொரு நாள் அதே தளத்தின் மேல் பச்சை விரிப்பு போட்டுக் கால்பந்து.

1979இல் உலக ஹாக்கி சங்கம் கலைந்து நான்கு அணிகள் மட்டும் தேசிய ஹாக்கி லீகில் சேர்த்துக்கொள்ளப்பட்டபோது, சின்சினாட்டிக்கு இடம் கிடைக்கவில்லை. இழப்பீடு கொடுத்து அனுப்பிவிட்டார்கள். ஒரே ஆண்டில் அந்த அரங்கம் கிட்ஸையும் ஸ்டிங்கர்ஸின் பழைய வாழ்வையும் இழந்தது. அந்த டிசம்பர் 3 அன்று அங்கே நடந்த ராக் இசை நிகழ்ச்சியில், கதவு திறப்பதற்காகக் காத்திருந்த கூட்டத்தின் நெரிசலில் 11 பேர் இறந்தார்கள். அந்த அரங்கத்தின் பெயரை இன்றும் வெளியூர்க்காரர்கள் நினைவில் வைத்திருப்பது அந்தத் துயரத்தால்தான்.

அந்த ஒரே சீசனில் கிட்ஸ் எப்படி ஆடியது?

ஒவ்வோர் அணிக்கும் 24 ஆட்டங்கள். கிட்ஸுக்குத் தோல்வியைவிட வெற்றிதான் அதிகம். ஆறு அணிகளில் நான்கு மட்டுமே பிளேஆஃப் போக முடியும். கிளீவ்லாந்தும் பிட்ஸ்பர்க்கும் வெளியே நிற்க, கிட்ஸ் உள்ளே போனது. அரையிறுதியில் எதிரே நின்றது மறுபடியும் நியூயார்க் ஏரோஸ். லீகைத் தொடங்கிவைத்த ஆட்டத்தில் தோற்கடித்த அதே அணியிடம் தோற்று வெளியேறியது கிட்ஸ். மறுபக்கம் லீக் சுற்றில் முதலிடம் பிடித்த ஹூஸ்டனைப் பிலடெல்பியா வீழ்த்தியது. இறுதியில் ஏரோஸ் பிலடெல்பியாவை வென்று கோப்பையை எடுத்தது.

வெளியே நின்ற இரண்டு அணிகளில் கிளீவ்லாந்து 1988 வரை வாழ்ந்தது. பிட்ஸ்பர்க் நடுவில் ஒரு சீசன் ஓய்வெடுத்துவிட்டு 1986 வரை ஆடியது. பிளேஆஃப் போன கிட்ஸ் மார்ச்சோடு முடிந்தது.

ஏரோஸ் அவ்வளவு பலமான அணியா?

கோல் காத்தவர் ஷெப் மெஸ்ஸிங். 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் அமெரிக்காவுக்காக ஆடி, பெலேவோடு காஸ்மாஸ் அணியிலும் இருந்தவர். முன்வரிசையில் ஸ்டீவ் ஜுங்குல். யூகோஸ்லாவியாவின் ஹைதுக் ஸ்ப்ளிட் அணியை விட்டு அனுமதியில்லாமல் வந்துவிட்டதால், வெளிமைதானக் கால்பந்தின் கதவு அவருக்குப் பல ஆண்டுகள் பூட்டிக் கிடந்தது. திறந்திருந்த ஒரே வாசல் உள்ளரங்கம். ஐரோப்பாவின் முதல்தரத் தாக்குதல் வீரர் ஒருவர் வேறு வழியில்லாமல் பலகைச் சுவருக்குள் வந்து சேர்ந்தார். இந்த லீகில் மொத்தம் 652 கோல்கள் அடித்தார். 1979 முதல் 1982 வரை நான்கு கோப்பைகளும் ஏரோஸுக்கே. அப்படியோர் அணியிடம் தோற்றதில் கிட்ஸுக்கு இழுக்கு ஒன்றுமில்லை.

இது மேஜர் லீகா, மைனர் லீகா?

பெயரில் மேஜர் இருக்கிறது. ஆனால் 1978இல் அமெரிக்கக் கால்பந்தின் பெரிய மேடை வட அமெரிக்கக் கால்பந்து லீக்தான். பெலே ஆடிய லீக், கோடைக்கால லீக். உள்ளரங்க லீக் குளிர்காலத்தில் நடந்தது. கோடையில் புல்வெளியில் ஆடிவிட்டு, குளிர்காலத்தில் வயிற்றுப்பாட்டுக்கு அரங்கத்துக்குள் வந்த வீரர்கள் நிறையப் பேர். ஏரோஸ் அணியே பெருமளவு ராச்செஸ்டர் லான்சர்ஸ் என்ற வெளிமைதான அணியின் வீரர்களால் ஆனது.

ஆறு அணி, 24 ஆட்டம் என்ற அளவில் தொடங்கிய ஒன்றைப் பெரிய லீக் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் அது வளர்ந்தது. அடுத்த சீசனிலேயே பத்து அணி, 32 ஆட்டம். வெளிமைதான லீகும் 1979–80இல் போட்டிக்குத் தனக்கென ஓர் உள்ளரங்க சீசனைத் தொடங்க வேண்டி வந்தது. 1984 சீசனோடு அந்தப் பெரிய லீக் முடிந்துபோக, உள்ளரங்க லீக் 1992 வரை தாக்குப்பிடித்தது. கிட்ஸ் ஆடியது அந்த வளர்ச்சிக்கு முந்தைய நிலையில். அந்த முதல் குளிர்காலத்துக்குச் சிறிய லீக் என்ற பெயரே பொருந்தும்.

நன்றாக ஆடிய அணி ஏன் கலைந்தது?

என் கணிப்பைச் சொல்கிறேன். 24 ஆட்டம் என்றால் சொந்த ஊரில் நடப்பது 12. ஹாக்கிக்காகக் கட்டிய பிரம்மாண்ட அரங்கத்துக்கு வாடகை, ஹூஸ்டனுக்கும் நியூயார்க்குக்கும் பயணச் செலவு, வீரர் சம்பளம், ஒவ்வோர் ஆட்டத்துக்கும் விரிப்பு போட்டு எடுக்கும் செலவு. இத்தனையையும் அந்த 12 இரவுகளின் டிக்கெட் வசூல் சுமக்க வேண்டும். பெரிய தொலைக்காட்சிப் பணம் கிடைக்கும் நிலையில் லீக் இல்லை. இப்படிப்பட்ட அணி முதல் இரண்டு மூன்று ஆண்டுகள் நட்டத்தில்தான் ஓடும். நட்டத்தைத் தாங்கும் மடி உரிமையாளருக்கு இருந்தால் அணி இருக்கும். பிட்ஸ்பர்க் திரும்பி வந்ததற்குக் காரணம் அதன் பின்னால் இருந்த எட்வர்ட் டிபார்ட்டோலோ என்ற வணிகவளாகக் கோடீஸ்வரர். சின்சினாட்டிக்கு அப்படி யாரும் வாய்க்கவில்லை.

இத்தனைக்கும் நடுவில் அதே அரங்கத்தில் ஹாக்கி, கல்லூரிக் கூடைப்பந்து. வேலைக்குப் போகும் ஒரு குடும்பம் குளிர்கால மாதத்தில் எத்தனை இரவுகளுக்குத்தான் டிக்கெட் வாங்கும்?

ஜெயித்துக்கொண்டே இருந்தால் அணி பிழைத்துவிடாதா?

சின்சினாட்டிக்குக் கீழே அதே ஒஹாயோ ஆற்றங்கரையில் இருக்கும் லூயிவில் நகரத்தைப் பாருங்கள். 1984இல் அமெரிக்க உள்ளரங்கக் கால்பந்துச் சங்கம் என்ற இன்னும் சிறிய லீக் தொடங்கியது. நடுமேற்குப் பகுதியின் நடுத்தர ஊர்களை நம்பி, குறைந்த செலவில் நடத்திய லீக். அதில் லூயிவில் தண்டர் 1987இல் சாம்பியன் ஆனது. அந்தச் சீசனோடு கலைந்தது. கோப்பை கையில் இருக்க, அணி இல்லை. லீக் தொடங்கிய 1984இலேயே தொடங்கிய மில்வாக்கி வேவ் அணி பட்டம் வெல்லப் பல ஆண்டுகள் காத்திருந்து, இன்றும் ஆடிக்கொண்டிருக்கிறது. அமெரிக்காவில் இடைவிடாமல் நீண்ட காலம் இயங்கும் தொழில்முறைக் கால்பந்து அணி அதுதான்.

கிட்ஸுக்குப் பிறகு சின்சினாட்டியில் உள்ளரங்கக் கால்பந்து வந்ததா?

வந்தது, போனது. பக்கத்து ஊரான டேட்டனின் டைனமோ அணி 1995இல் சின்சினாட்டிக்கு இடம் மாறிச் சில்வர்பேக்ஸ் என்ற பெயரில் 1998 வரை ஆடியது. பின்னர் 2000களில் சின்சினாட்டி எக்ஸைட் என்ற அணி சிறிய லீக் ஒன்றில் சில ஆண்டுகள் ஆடியது. இரண்டும் நிலைக்கவில்லை.

வெளிமைதானத்தில் கதை வேறு. எஃப்சி சின்சினாட்டி 2016இல் மூன்றாம் நிலை லீகில் ஆடத் தொடங்கி, கூட்டத்தைக் காட்டியே 2019இல் முதல்நிலை லீகான மேஜர் லீக் சாக்கருக்குள் நுழைந்தது. 2021இல் சொந்த மைதானம், 2023இல் லீக் சுற்றின் முதலிடத்துக்கான கேடயம். கால்பந்தைச் சின்சினாட்டி விரும்பாது என்று 1979இல் சொன்னவர்கள் அவசரப்பட்டுவிட்டார்கள்.

முதல் சீசனின் மற்ற அணிகள் என்ன ஆயின?

பிலடெல்பியா ஃபீவர் 1982இலும், நியூயார்க் ஏரோஸ் 1984இலும் முடிந்தன. கிளீவ்லாந்தையும் பிட்ஸ்பர்க்கையும் மேலே சொல்லிவிட்டேன். ஹூஸ்டன் சம்மிட் 1980இல் பால்டிமோருக்கு இடம்பெயர்ந்து பிளாஸ்ட் ஆனது. லீக் மூடிய 1992 வரை ஆடியது. இன்று அதே பெயரில் பால்டிமோரில் ஆடுவது அதற்குப் பிறகு தொடங்கிய வேறு அணி. ஆக, 1978 டிசம்பரில் கிளம்பிய ஆறு அணிகளில் ஒன்றுகூட இன்று இல்லை. முதலில் போனது கிட்ஸ்.